நகருக்குள் இறங்கும் நெடுஞ்சாலை: தேனியை முன்வைத்து ஒரு வாதம்

2022 மே 26 அன்று சென்னையில் நடந்த அரசு விழாவில் பிரதமர் மதுரை–தேனி அகல ரயில்பாதையை நாட்டுக்கு அர்ப்பணித்தார். 75 கிலோமீட்டர் நீளப் பாதை அது. செலவு 500 கோடி ரூபாய்க்குச் சற்று மேல். அதே மேடையில் சென்னைத் துறைமுகத்தையும் மதுரவாயலையும் இணைக்கும் ஈரடுக்கு உயர்நிலைச் சாலைக்கு அடிக்கல் நாட்டப்பட்டது. அதன் நீளம் சுமார் 21 கிலோமீட்டர்தான்; மதிப்பீடு 5,850 கோடி ரூபாய்க்கும் மேல். முதல் திட்டம் ஒரு பள்ளத்தாக்கின் வாசலை மாநிலத்தின் தென்தலைநகரோடு சேர்க்கிறது. இரண்டாவது, நெடுஞ்சாலையிலிருந்து பிரிந்து மாநகருக்குள் கூவம் ஆற்றை ஒட்டி உயரே ஓடித் துறைமுக வாயிலில் இறங்கும். இந்த இரண்டாவது வகை, அதாவது நெடுஞ்சாலையையும் நகரின் உள்மையத்தையும் நேராக இணைக்கும் குறுகிய விரைவுக் கிளைச்சாலை, எங்கே பொருந்தும், எங்கே பொருந்தாது என்பதைத் தேனியில் நின்று பார்ப்பதே இக்கட்டுரையின் நோக்கம். நெரிசல் என்றதும் மேம்பாலம் என்று பேசும் பழக்கம் பெருநகரங்களைத் தாண்டி மாவட்டத் தலைநகரங்களுக்கும் வந்துவிட்ட காலம் இது. ஆகவே கேள்வி ஏட்டளவிலானது அல்ல.

என் நிலைப்பாட்டை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். போகும் வண்டிகளுக்கெல்லாம் ஒரே சேருமிடம் இருக்கும்போது இத்தகைய கிளைச்சாலை நியாயம். நூறு திசைகளில் கலைந்து போக வேண்டிய வண்டிகளை ஒரு சந்திப்பில் கொண்டுவந்து கொட்டும்போது அது பணத்தையும் நகரத்தையும் சேர்த்தே கெடுக்கும். தேனி இப்படிக் கலைந்து போகும் வண்டிகளின் ஊர்.

தேனியின் அமைப்பு இதைத் தெளிவாகக் காட்டுகிறது. கம்பம் பள்ளத்தாக்கின் ஒருபுறம் ஏலமலை, மறுபுறம் மேகமலை, வருசநாட்டு மலைகள். நடுவே முல்லைப் பெரியாறு. மலைகள் விலகிச் சமவெளி விரியும் இடத்தில் ஊர் அமர்ந்திருக்கிறது. குமுளி, கம்பம்மெட்டு, போடிமெட்டு என்று கேரளத்துக்குள் ஏறும் மலைப்பாதைகளில் எதில் இறங்கினாலும் கிழக்கே போக வேண்டியவர் தேனிப் பக்கமாகத்தான் வந்தாக வேண்டும். கொச்சி–மூணாறு–போடி–தேனி–மதுரை சாலை ஒருகாலத்தில் தேசிய நெடுஞ்சாலை 49. 2010ஆம் ஆண்டின் மறு எண்ணிடலுக்குப் பின் 85. கொல்லம்–கோட்டயம்–குமுளி–தேனி சாலை 220ஆக இருந்து 183 ஆயிற்று. இன்று அது பெரியகுளம் வழியே திண்டுக்கல் வரை நீள்கிறது. இந்தத் தடங்கள் எல்லாம் பல்லாண்டுகள் ஊர் மையத்திலுள்ள நேரு சிலை முன்பு மதுரை சாலை, பெரியகுளம் சாலை, கம்பம் சாலை என்ற மூன்று பெயர்களில் முட்டிக்கொண்டன. ஏலக்காய் மூட்டையும் சின்னமனூர் வாழைத்தாரும் கம்பத்துப் பன்னீர் திராட்சையும் மலைத்தோட்டத்துக்குப் போகும் கூலித் தொழிலாளியும் கார்த்திகை, மார்கழியில் சபரிமலைக்குப் போகும் சாமிமார்களும் கடந்தது அந்த ஒரே முக்கைத்தான்.

பிறகு திண்டுக்கல்–குமுளி தடத்தில் பெரியகுளம், தேனி, சின்னமனூர், உத்தமபாளையம், கம்பம், கூடலூர் என்று வரிசையாகப் புறவழிச்சாலைகள் வந்தன. இது நல்ல முடிவு. குமுளிக்குப் போகும் சரக்கு லாரிக்குத் தேனிக் கடைவீதியில் எந்த வேலையும் இல்லை. ஆனால் புறவழிச்சாலை தீர்ப்பது கடந்து செல்லும் வண்டிகளின் சிக்கலை மட்டும்தான். தேனிக்கே வருகிறவர்கள் அப்போதும் வந்துகொண்டுதான் இருப்பார்கள். மருத்துவமனைக்கு, சந்தைக்கு, நகைக்கடைக்கு, வங்கிக்கு, கல்லூரிக்கு, கல்யாண மண்டபத்துக்கு என்று ஆண்டிபட்டியிலிருந்தும் போடியிலிருந்தும் உத்தமபாளையத்திலிருந்தும் அன்றாடம் வருகிறவர்கள் அவர்கள். 1996இல் மதுரையிலிருந்து பிரிந்து தனி மாவட்டமானபின் அரசு அலுவலக வேலையாய் வருவோரும் இவர்களோடு சேர்ந்தார்கள். கர்னல் ஜான் பென்னிகுவிக் பெயரிலான புதிய பேருந்து நிலையம் புறவழிச்சாலையை ஒட்டி எழுந்தபின் வெளியூர்ப் பேருந்துகளின் ஒரு பகுதிச் சுமை ஊருக்கு வெளியே நின்றது. பயணி அங்கே நிற்பதில்லை. அவர் நகரப் பேருந்திலோ ஆட்டோவிலோ ஏறி அதே பழைய சாலைகளில்தான் உள்ளே வருகிறார்.

பலரும் கவனிக்காத மாற்றம் ஒன்று இங்கே நடக்கிறது. புறவழிச்சாலை திறக்கப்படும் நாளில் பழைய நெடுஞ்சாலைத் துண்டு தன் தொழிலை இழக்கிறது. ஊர்களை இணைத்த சாலை, நெடுஞ்சாலையிலிருந்து நகர மையத்துக்குள் நுழையும் கிளைச்சாலையாகிறது. அத்தகைய துண்டுகளை ஒருமுறை செப்பனிட்டு மாநில அரசிடம் ஒப்படைப்பது நடுவண் அரசின் நடைமுறை. செப்பனிடுவது என்றால் பெரும்பாலும் மேலே ஒரு பூச்சுத் தார். சாலையின் தொழில் மாறியது, ஆகவே அதன் உருவமும் மாற வேண்டும் என்ற எண்ணம் கோப்புகளில் இடம்பெறுவதில்லை. நெடுஞ்சாலையாக வடிவமைத்த சாலையைத் தெருவாகப் பயன்படுத்துகிறோம். நெரிசல் வந்ததும் தெருவின் மீது நெடுஞ்சாலையைக் கட்டலாமா என்று கேட்கிறோம்.

எண்களைப் பார்ப்போம். தடையில்லாமல் ஓடும் விரைவுச் சாலையின் ஒரு தடம் மணிக்கு ஏறத்தாழ 1,800 முதல் 2,000 கார்களை அனுப்பும். அந்தத் தடம் மூன்று சாலைகள் கூடும் சிக்னலில் வந்து நின்றால், சுழற்சியில் அதன் பங்கு சுமார் மூன்றில் ஒன்று. மஞ்சள் விளக்கும் கிளம்பும் தாமதமும் போக, மணிக்கு 500, 600 கார்கள் கடந்தால் பெரிது. மிச்சம் பாலத்தின் மேலேயே வரிசையாக நிற்கும். கிளைச்சாலை எவ்வளவு அகலமானாலும் இறங்கும் இடத்தின் கொள்ளளவுதான் அதன் கொள்ளளவு. நேரு சிலைப் பகுதியை விரிவாக்க வேண்டுமானால் இடிக்க வேண்டியவை கடைகள். மக்கள் ஊருக்குள் வருவதே அந்தக் கடைகளுக்காகத்தான்.

நகரச் சாலைகளின் கொள்ளளவு பற்றி இந்திய சாலைக் காங்கிரஸ் 1990இல் வெளியிட்ட 106ஆம் எண் வழிகாட்டியைத் தமிழக நகராட்சிகள் அனைத்தும் மேசையில் வைத்திருக்க வேண்டும் என்பேன். எல்லா வண்டிகளையும் கார் அளவாக மாற்றிக் கணக்கிடும் அந்த ஏட்டின்படி, எதிரெதிர்த் திசைகளில் ஓடும் இருவழிச் சாலை ஒன்று, ஓரத்தில் வண்டி நிற்காமலும் கடைவாசல்கள் நேராகத் திறக்காமலும் இருந்தால் மணிக்கு 1,500 அலகு தாங்கும். கடைவாசல், ஓரத்தில் நிற்கும் வண்டி, குறுக்கே நுழைவது எல்லாம் சேர்ந்தால் அதே அகலச் சாலை 900தான் தாங்கும். ஐந்தில் இரண்டு பங்கு தாரின் மீதே தொலைந்து போகிறது. கடைவாசல்களை மூட முடியாது, மூடவும் கூடாது. ஆனால் வாசலை விட்டுவிட்டு ஓரத்தில் நிற்பதை மட்டும் அகற்றினாலே 1,200 வரை மீட்கலாம் என்கிறது அதே ஏடு. சரக்கு இறக்க நேரமும் இடமும் ஒதுக்குவது, ஷேர் ஆட்டோவுக்குத் தனி நிறுத்தம், சந்திப்பை ஒட்டிய பேருந்து நிறுத்தத்தைத் தள்ளிவைப்பது, 1.8 மீட்டருக்குக் குறையாத தடையற்ற நடைபாதை ஆகியவை இதற்குப் போதும். ஒரு தூண்கூட எழுப்பாமல் மூன்றில் ஒரு பங்கு கூடுதல் திறன் கிடைக்கிறது. பாலத்துக்கு ஆகும் செலவில் இது சிறு பின்னம்.

மதுரையில் நடந்தது நமக்கு அருகிலுள்ள பாடம். 2023 ஏப்ரலில் திறக்கப்பட்ட நத்தம் சாலை மேம்பாலம் 7.3 கிலோமீட்டர் நீளம். தேசிய நெடுஞ்சாலை 785இல் வருபவரை ஊமச்சிகுளம் பக்கம் ஏற்றித் தல்லாகுளம் பக்கம் இறக்கிவிடுகிறது. இக்கட்டுரை பேசும் கிளைச்சாலைக்கு இதைவிடச் சரியான தமிழக எடுத்துக்காட்டு இல்லை. கட்டும்போதே, 2021 ஆகஸ்டில், இணைப்புப் பகுதி ஒன்று விழுந்து ஒரு தொழிலாளி உயிரிழந்தார். திறந்தபின் பாலத்தின் மேலே பயணம் விரைவாகியிருப்பதை யாரும் மறுக்க முடியாது. ஆனால் இறங்கியவருக்கு அடுத்து வருவது வைகைக்கரையை ஒட்டிய கோரிப்பாளையம் சந்திப்பு. அங்கே பின்னர் மாநில நெடுஞ்சாலைத் துறை இன்னொரு மேம்பாலப் பணியைத் தொடங்கியது. கோரிப்பாளையத்துக்கான கோரிக்கை நத்தம் பாலத்துக்கு முந்தியது. ஆகவே ஒன்று மற்றதற்குக் காரணம் என்று வாதிட மாட்டேன். உயர்த்திய சாலை வைகைக்கரை வரையிலான சிக்கலைத் தீர்க்கவில்லை, அடுத்த சந்திப்புக்கு விட்டுவைத்தது என்பது மட்டும் என் வாதம்.

சென்னைத் துறைமுகச் சாலையை இதோடு ஒப்பிட்டால் வேறுபாடு புரியும். 2009 ஜனவரியில் முதல் அடிக்கல், 2012இல் கூவம் ஆற்றின் நீரோட்டத்தைக் காரணம் காட்டி மாநில அரசின் தடை, பத்தாண்டு முடக்கம், 2022இல் புது வடிவம் என்று அதன் வரலாறு வேதனையானதுதான். ஆயினும் கருத்தளவில் அதில் பிழையில்லை. கன்டெய்னர் லாரிக்குப் போக வேண்டிய இடம் ஒன்றே ஒன்று: துறைமுக வாயில். புதிய வடிவத்தில் மேல்தளம் துறைமுக லாரிகளுக்கும் கீழ்த்தளம் நகர வண்டிகளுக்கும் என்று பிரித்ததும் இந்தத் தெளிவால்தான். கொழும்பில் களனிப் பாலத்திலிருந்து துறைமுகத்துக்குத் திட்டமிட்ட 5.3 கிலோமீட்டர் உயர்நிலைச் சாலையின் தர்க்கமும் இதே.

நகர மையத்துக்குள் இறக்கிய கிளைச்சாலைகளை அமெரிக்கா கட்டிப் பார்த்துவிட்டது, இடித்தும் பார்த்துவிட்டது. மில்வாக்கி நகரின் பார்க் ஈஸ்ட் என்னும் குறுகிய கிளைச்சாலை எதிர்ப்பால் பாதியில் நின்றது. அதற்காகத் துடைத்தெடுத்த நிலம் பல்லாண்டு பயனற்றுக் கிடந்தது. 2002–03இல் மேயர் ஜான் நார்க்விஸ்ட் காலத்தில் அதை இடித்துச் சாதாரணத் தெருக்களாக்கினார்கள். அந்த நிலத்தின் ஒரு பகுதியில் 2018இல் விளையாட்டரங்கம் வந்தது. சான் பிரான்சிஸ்கோவில் 1989 நிலநடுக்கத்தில் பழுதான உயர்நிலைச் சாலையின் முனையை அகற்றி, 2005இல் மரங்கள் நிறைந்த ஆக்டேவியா சாலையைத் திறந்தார்கள். நம்மைவிடப் பலமடங்கு கார் வைத்திருக்கும் ஊர்கள் இவை.

எதிர்வாதங்களில் ஒன்றுக்கு வலு உண்டு: உயிர் காக்கும் நேரம். அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனை இருப்பது க.விலக்கில், மதுரை சாலையில். கம்பத்திலிருந்து நோயாளியை ஏற்றிவரும் 108 ஆம்புலன்ஸ் தேனி நெரிசலில் நிற்பது பொறுக்கக் கூடியதல்ல. ஆனால் அந்த வண்டிக்கும் நகர மையத்தில் வேலை கிடையாது. அதற்கு வேண்டியது ஊரைச் சுற்றிக் கம்பம் சாலையையும் மதுரை சாலையையும் இணைக்கும் தடையற்ற வழி. மையத்தில் இறங்கும் பாலம் அல்ல. ரயில்பாதை மேம்பாலத்தையும் இதோடு குழப்பக் கூடாது. 2010 இறுதியில் நின்ற ரயில் 2022இல் தேனிக்கும் 2023 ஜூனில் போடிக்கும் திரும்பியபின், மூடும் ரயில்வே கேட் உண்மையான தடை. அதன் மேல் பாலம் கட்டுவது அத்தடையை நீக்குகிறது. நெரிசலை இடம் மாற்றுவதில்லை.

இன்னொரு ஆபத்து மெல்ல வருகிறது. புறவழிச்சாலை ஓரமே புதிய கடைவீதியாகிக்கொண்டிருக்கிறது. ஓட்டல், ஷோரூம், பெட்ரோல் பங்க், மனைப்பிரிவு என்று ஒவ்வொன்றும் ஒரு வாசலைத் திறக்கிறது. தேசிய நெடுஞ்சாலையில் வாசல் திறக்க 2002ஆம் ஆண்டின் சட்டப்படி அனுமதி வேண்டும். அதைக் கறாராகச் செயல்படுத்தாவிட்டால், 1,500 அலகு தாங்க வேண்டிய புறவழிச்சாலையும் 900க்கு இறங்கும். அடுத்த தலைமுறை அதற்கொரு புறவழிச்சாலை கேட்கும். அதற்கான நிலம் முல்லைப் பெரியாற்றுப் பாசன வயலிலிருந்தே எடுக்கப்படும். 1895இல் அணை கட்டி மலைக்கு அப்பாலிருந்து திருப்பிக் கொண்டுவந்த தண்ணீரில் விளையும் இருபோக நன்செய்யைத் தாருக்குக் கொடுக்க நமக்கு உரிமை இல்லை.

எனவே நெடுஞ்சாலைத் துறைக்கும் தேனி அல்லிநகரம் நகராட்சிக்கும் வைக்கும் வேண்டுகோள் இது. மதுரை சாலை, பெரியகுளம் சாலை, கம்பம் சாலை மூன்றிலும் நுழையும் வண்டிகள் எங்கிருந்து வந்து எங்கே போகின்றன என்று சந்தை நாளிலும் சாதாரண நாளிலும் சபரிமலை சீசனிலும் கணக்கெடுத்துப் பொதுமக்கள் பார்வைக்கு வையுங்கள். மூன்று சாலைகளின் நகரப் பகுதியையும் நடைபாதை, சரக்கு இறக்கும் இடம், பேருந்து நிறுத்தம் ஆகியவற்றோடு தெருவாக மறுவடிவமைக்க ஒரே வரைபடம் தயாரியுங்கள். அவை முடிவதற்கு முன் நகர மையத்தில் எந்த உயர்நிலைச் சாலைக்கும் ஒரு ரூபாய்கூட ஒதுக்கக் கூடாது.