கணினி விளையாட்டுகளின் இடமாற்றம்: ஓசூர் எல்லைப் பகுதியிலிருந்து ஒரு வரலாறு

ஒரு கணினியில் நிறுவப்பட்ட விளையாட்டை, மீண்டும் நிறுவாமல், அதே கணினியின் வேறொரு சேமிப்பகத்துக்குக் கொண்டுசெல்வதே விளையாட்டு இடமாற்றம் ஆகும். வன்தட்டில் இடம் தீரும்போதும், புதிதாக வேகமான எஸ்எஸ்டி வாங்கும்போதும் இத்தேவை எழுகிறது. பார்வைக்கு இது சிறிய வேலை. ஆனால் கடந்த நாற்பது ஆண்டுகளில் இந்த வேலை மாறிவந்த விதத்தைத் தொடர்ந்தால், விளையாட்டு என்பது நம் கையில் இருக்கும் பொருள் என்ற நிலையிலிருந்து, எங்கோ உள்ள ஒரு நிறுவனம் தரும் அனுமதி என்ற நிலைக்கு வந்த கதை தெரியவரும். ஓசூர், கிருஷ்ணகிரி போன்ற எல்லைத் தொழில் நகரங்களைப் பின்புலமாகக் கொண்டு இக்கட்டுரை அவ்வரலாற்றைக் கூறுகிறது.

எல்லை நகரின் பின்னணி

ஓசூர் முன்பு சேலம் மாவட்டத்திலும், 1965 முதல் தருமபுரி மாவட்டத்திலும், 2004 பிப்ரவரி 9 முதல் கிருஷ்ணகிரி மாவட்டத்திலும் உள்ளது. 1970களில் இங்கு சிப்காட் தொழிற்பேட்டை உருவானது. அடுத்த பத்தாண்டில் அசோக் லேலண்ட், டிவிஎஸ், டைட்டன் ஆகிய ஆலைகள் இயங்கத் தொடங்கின. 2019இல் ஓசூர் மாநகராட்சியானது.

கணினியைப் பொறுத்தவரை ஓசூருக்கு முக்கியமானது பெங்களூருவின் அருகாமை. ஜூஜூவாடியைத் தாண்டினால் கர்நாடகத்தின் அத்திப்பள்ளி. ஓசூரிலிருந்து பெங்களூரு நகரம் வரை மொத்தம் சுமார் 40 கிலோமீட்டர்தான். சென்னைக்கு ரிச்சி தெரு எப்படியோ, அப்படிப் பெங்களூருவுக்கு எஸ்.பி. ரோடு. உதிரிபாகங்களை வாங்கிப் பூட்டிய ‘அசெம்பிள்டு’ கணினிகளே இந்திய வீடுகளில் பெரிதும் புழங்கிய காலத்தில், சென்னையைவிட எஸ்.பி. ரோடே ஓசூருக்குப் பக்கம். 1984 நவம்பரில் இந்திய அரசு அறிவித்த புதிய கணினிக் கொள்கை இறக்குமதியைத் தளர்த்தியது இத்தகைய சந்தைகளின் வளர்ச்சிக்கு வழிவகுத்தது.

கோப்புறையே விளையாட்டாக இருந்த காலம்

1983இல் வெளிவந்த ஐபிஎம் பிசி எக்ஸ்டி கணினியின் வன்தட்டு 10 எம்பி கொள்ளளவு உடையது. ஏ, பி ஆகிய எழுத்துகள் நெகிழ்வட்டுகளுக்கு ஒதுக்கப்பட்டிருந்ததால் வன்தட்டுக்குச் சி என்ற எழுத்து கிடைத்தது. நெகிழ்வட்டுகள் மறைந்த பின்னும் அந்தச் சி மட்டும் மாறவில்லை.

டாஸ் இயங்குதளத்தில் ஒரு விளையாட்டு என்பது ஒரு கோப்புறை, அவ்வளவே. ‘டேஞ்சரஸ் டேவ்’, ‘பிரின்ஸ் ஆஃப் பெர்சியா’ போன்றவை ஒரே நெகிழ்வட்டில் அடங்கின. 1993 டிசம்பரில் வெளியான ‘டூம்’ விளையாட்டின் இலவசப் பகுதி இரண்டு நெகிழ்வட்டுகளில் பரவியது. நிரல், படம், ஒலி, ஆடியவர் சேமித்த நிலை எல்லாம் ஒரே இடத்தில் இருந்தன. ஆகவே கோப்புறையைப் படியெடுத்தால் விளையாட்டே இடம் மாறியது. எங்கே வைத்தாலும் ஓடியது. துணிகளோடு பெட்டியை ஓர் அறையிலிருந்து இன்னோர் அறைக்குத் தூக்கிச் செல்வதைப் போன்ற வேலை அது.

விண்டோஸ் வேர் விட்டபோது

1995இல் விண்டோஸ் 95 வந்தபின் நிலைமை மாறியது. ரெஜிஸ்ட்ரி எனப்படும் பதிவேடு இயங்குதளத்தின் மையமானது. எந்த மென்பொருள் எந்த முகவரியில் உள்ளது, அதன் சிடி எண் என்ன, அதை எப்படி நீக்குவது என்ற விவரங்கள் அதில் எழுதப்பட்டன. விளையாட்டின் கோப்புறை சி டிரைவில் இருந்தாலும் அதன் வேர்கள் விண்டோஸ் முழுவதும் பரவின. பின்னாளில் சேமித்த நிலைகளும் கோப்புறையை விட்டு வெளியேறி, பயனரின் ‘மை டாக்குமெண்ட்ஸ்’ பகுதிக்குச் சென்றன.

இதனால் பலருக்கும் ஒரே அனுபவம் நேர்ந்தது. கோப்புறையை டி டிரைவுக்கு நகர்த்திவிட்டுத் திரையில் உள்ள குறும்படத்தைச் சொடுக்கினால், கோப்பைக் காணவில்லை என்று விண்டோஸ் கூறும். விளையாட்டு அழியவில்லை, பதிவேடு பழைய முகவரியையே நம்பிக்கொண்டிருக்கும். வீடு மாறியவர் குடும்ப அட்டையில் முகவரியை மாற்றாமல் விட்டது போன்ற நிலை இது.

இதற்குத் தீர்வாக அமைந்தது முகவரி இணைப்பு. விண்டோஸ் 2000இல் ‘ஜங்ஷன்’ என்ற வசதி வந்தது. விஸ்டாவில் அதை எளிதாக உருவாக்க ‘எம்கேலிங்க்’ என்ற கட்டளை சேர்க்கப்பட்டது. கோப்புறை டி டிரைவில் இருக்கும்; சி டிரைவில் அதே பெயரில் ஒரு வழிகாட்டிப் பலகை மட்டும் நிற்கும். பழைய முகவரிக்கு வரும் விண்டோஸ், தான் திருப்பிவிடப்படுவதை அறியாமலேயே புதிய இடத்துக்குச் சென்றுவிடும்.

சி, டி, இ என்று பிரித்தது ஏன்?

ஒரே வன்தட்டைச் சி, டி, இ எனப் பிரித்துத் தருவது இந்தியக் கணினிக் கடைகளில் வழக்கமாக இருந்தது. சி விண்டோஸுக்கு, டி பாடத்துக்கு, இ படத்துக்கும் விளையாட்டுக்கும் எனப் பல வீடுகளில் பாகப்பிரிவினை நடந்தது. இதற்குத் தொழில்நுட்பக் காரணமும் உண்டு. ஃபேட் 16 என்ற பழைய கோப்பு முறை ஒரு பகுதிக்கு 2 ஜிபிக்கு மேல் அனுமதிக்கவில்லை. 1996இல் ஃபேட் 32 வந்து அந்த எல்லையை நீக்கிய பிறகும் பழக்கம் தொடர்ந்தது. விண்டோஸ் கெட்டுப்போனால் சி டிரைவை மட்டும் அழித்து மீண்டும் நிறுவலாம், மற்றவை பிழைக்கும் என்பதே அதன் நன்மை.

நகர்த்தும் வேலைக்கு இப்பிரிவினை ஒரு விந்தையைத் தந்தது. ஒரே பகுதிக்குள் கோப்புறையை இடம் மாற்றினால் நொடியில் முடியும். தரவு இருந்த இடத்திலேயே இருக்கும். பட்டியலில் பெயர் மட்டும் மாறும். சி-யிலிருந்து டி-க்கு மாற்றினால் ஒவ்வொரு பைட்டும் படித்து எழுதப்பட வேண்டும். இரண்டும் ஒரே தட்டில் இருந்தால், படிக்கும் இடத்துக்கும் எழுதும் இடத்துக்கும் இடையே வன்தட்டின் முனை மாறி மாறி ஓடும். அதனால் வேலை இன்னும் தாமதமாகும்.

விலையில்லா மடிக்கணினியும் மின்வெட்டும்

2011 செப்டம்பர் 15 அன்று தமிழ்நாடு அரசின் விலையில்லா மடிக்கணினித் திட்டம் திருவள்ளூர் மாவட்டம் காக்களூரில் தொடங்கப்பட்டது. எல்காட் நிறுவனம் கணினிகளைக் கொள்முதல் செய்தது. முதல் ஆண்டுக்கான இலக்கு 9.12 லட்சம் மாணவர்கள். விண்டோஸுடன் பாஸ் லினக்ஸ் இயங்குதளமும் அவற்றில் இருந்தது. கிருஷ்ணகிரி மாவட்டத்து அரசுப் பள்ளி மாணவர்கள் பலருக்கு அதுவே வீட்டுக்கு வந்த முதல் கணினி. அதே ஆண்டு அக்டோபரில் தாய்லாந்தில் ஏற்பட்ட பெருவெள்ளம் அங்கிருந்த வன்தட்டு ஆலைகளை மூழ்கடித்ததால் உலகெங்கும் வன்தட்டு விலை உயர்ந்தது. கூடுதல் சேமிப்பகம் வாங்குவது எளிதாக இல்லை. இருப்பதற்குள் இடம் தேடுவதே வழியாயிற்று.

அக்காலத்தில் இருவகைத் தடைகள் இருந்தன. முதலாவது மின்வெட்டு. 2012ஐ ஒட்டிய ஆண்டுகளில் சென்னைக்கு வெளியே நாளின் பெரும்பகுதி மின்சாரம் இல்லாத நிலை இருந்தது. ஓசூரின் சிறு தொழிற்கூடங்களைப் போலவே வீட்டுக் கணினிகளும் திணறின. ‘கட்–பேஸ்ட்’ முறையில் விளையாட்டை நகர்த்தும்போது கணினி நின்றுவிட்டால் பாதிக் கோப்புகள் பழைய இடத்திலும் பாதி புதிய இடத்திலுமாகக் கிடக்கக்கூடும். ‘முதலில் படியெடு, ஓடுகிறதா என்று பார், பிறகு பழையதை அழி’ என்ற விதியின் அருமை இத்தகைய சூழலில்தான் விளங்கும்.

இரண்டாவது தடை, ஃபேட் 32 கோப்பு முறையின் 4 ஜிபி எல்லை. அம்முறையில் அமைந்த பென்டிரைவில் 16 ஜிபி காலியாக இருந்தாலும் 4 ஜிபி அளவைத் தொடும் ஒற்றைக் கோப்பு ஏறாது. விளையாட்டுகளின் படங்களும் ஒலிகளும் பெரும் கோப்புகளாகக் கட்டப்படத் தொடங்கியபோது இது அடிக்கடி நேர்ந்தது. பென்டிரைவ் கெட்டுவிட்டதாக எண்ணியவர்கள் உண்டு. அதை எக்ஸ்ஃபேட் அல்லது என்டிஎஃப்எஸ் முறைக்கு மாற்றினால் சிக்கல் தீர்ந்துவிடும்.

ஸ்டீம்: நகர்த்தும் பொத்தான் வந்த கதை

வால்வ் நிறுவனம் 2003 செப்டம்பரில் ஸ்டீம் சேவையைத் தொடங்கியது. 2004இல் வெளிவந்த ‘ஹாஃப்–லைஃப் 2’ விளையாட்டைக் கடையில் வட்டாக வாங்கினாலும், ஸ்டீம் கணக்கில் பதிவு செய்தால்தான் ஆட முடியும் என்ற நிலை வந்தது. வட்டு வாங்கியவரிடம் வட்டு இருந்தது. சாவி நிறுவனத்திடம் இருந்தது.

தொடக்கத்தில் ஸ்டீம் தான் நிறுவப்பட்ட டிரைவிலேயே எல்லா விளையாட்டுகளையும் வைத்தது. வேறு டிரைவில் நூலகக் கோப்புறை அமைக்கும் வசதி 2012இல் வந்தது. நிறுவிய விளையாட்டை ஒரே சொடுக்கில் நகர்த்தும் வசதி 2017இல் சேர்ந்தது. இடையே 2015இல் இந்திய ரூபாயில் விலை குறிக்கப்பட்டதால் இந்திய வாடிக்கையாளர்கள் பெருகினர். 2018 டிசம்பரில் வந்த எபிக் கேம்ஸ் கடையில் தொடக்க ஆண்டுகளில் இத்தகைய பொத்தான் இல்லை. புதிய இடத்தில் பதிவிறக்கத்தைத் தொடங்கி, சற்றே நிறுத்தி, பழைய கோப்புகளை அங்கு கொண்டுபோய் வைத்துத் தொடரச் செய்வதே வழியாக இருந்தது. மென்பொருள் கோப்புகளைச் சரிபார்த்து, இருப்பதை ஏற்றுக்கொள்ளும்.

நகர்த்தாமல் மறுபடி பதிவிறக்கினால் என்ன என்ற கேள்விக்கு எளிய கணக்கு விடை தரும். 2015 ஏப்ரலில் கணினிக்கு வந்த ‘ஜிடிஏ 5’ சுமார் 65 ஜிபி. வட்டுப் பதிப்பில் ஏழு டிவிடிகள். 2016 செப்டம்பரில் ஜியோ வந்தபின் கைபேசி இணையம் மலிவானது என்றாலும், நாளொன்றுக்கு 1.5 ஜிபி தரும் திட்டத்தில் 65 ஜிபி இறங்க 43 நாட்களுக்கு மேல் ஆகும். அதையே நொடிக்கு 100 எம்பி வேகத்தில் ஒரு வன்தட்டிலிருந்து நகர்த்தினால் சுமார் 11 நிமிடம்; பழைய யுஎஸ்பி 2 வழியாக நொடிக்கு 30 எம்பி வேகத்தில் நகர்த்தினாலும் 40 நிமிடத்துக்குள் முடியும். கண்ணாடியிழை இணைப்பு உள்ள நகர வீட்டில் பெரிதாகத் தெரியாத இந்த வேறுபாடு, கைபேசி இணையத்தை மட்டுமே நம்பியிருக்கும் தேன்கனிக்கோட்டை, அஞ்செட்டிப் பக்கத்துக் கிராமத்து மாணவருக்கு ஒன்றரை மாதம்.

எஸ்எஸ்டி வந்தபின்

நிமிடத்துக்கு 5400 முறை சுழலும் மடிக்கணினி வன்தட்டில், தேவையான தரவு முனைக்குக் கீழே வரும்வரை காத்திருக்க வேண்டும். சுழலும் பாகமே இல்லாத எஸ்எஸ்டியில் அந்தக் காத்திருப்பு இல்லை. பழைய மடிக்கணினிகளில் வன்தட்டு இருந்த இடத்தில் எஸ்எஸ்டியைப் பொருத்தி, டிவிடி டிரைவைக் கழற்றி அங்கே ‘கேடி’ என்ற சட்டத்தில் பழைய வன்தட்டை வைப்பது பரவலான பழக்கமாயிற்று. ஆடிக்கொண்டிருக்கும் விளையாட்டு எஸ்எஸ்டியில், ஆடி முடித்தவை வன்தட்டில் என்ற புதிய பிரிவினை உருவானது.

வன்தட்டின் காத்திருப்பு விளையாட்டுகளின் அளவையும் பாதித்தது. முனை அதிகம் அலையக் கூடாது என்பதற்காக ஒரே தரவைப் பல இடங்களில் திரும்பத் திரும்ப எழுதி வைப்பது தயாரிப்பாளர்களின் உத்தி. ‘ஹெல்டைவர்ஸ் 2’ விளையாட்டின் கணினிப் பதிப்பு சுமார் 154 ஜிபி இடம் பிடித்தது. 2025இல் அந்த இரட்டிப்பை நீக்கியபோது அது ஏறத்தாழ 23 ஜிபியாகச் சுருங்கியது. இடம் போதவில்லை என்று பயனர் பட்ட தொல்லையில் ஒரு பகுதி, அவர் எஸ்எஸ்டிக்கு மாறிய பின்னும் பழைய வன்தட்டுக்காகக் கட்டப்பட்டது.

சட்டமும் உரிமையும்

இந்தியாவின் 1957ஆம் ஆண்டு பதிப்புரிமைச் சட்டத்தின் 52ஆம் பிரிவு, முறையாகப் பெற்ற கணினி நிரலை அதற்குரிய பயன்பாட்டுக்காகப் படியெடுக்கவும், இழப்பிலிருந்து காக்கக் காப்புப்படி எடுக்கவும் இடமளிக்கிறது. தன் கணினிக்குள் விளையாட்டை நகர்த்துவதற்கும் நண்பருக்குப் படியெடுத்துக் கொடுப்பதற்கும் உள்ள வேறுபாடு இதுதான்: பின்னது இந்த விலக்கில் அடங்காது. 2012ஆம் ஆண்டுத் திருத்தம் 65ஏ என்ற பிரிவைச் சேர்த்து, உரிமைகளை மீறும் நோக்கத்துடன் தொழில்நுட்பப் பூட்டுகளை உடைப்பதைக் குற்றமாக்கியது.

பூட்டுகளுக்கும் ஆயுள் உண்டு. சேஃப்டிஸ்க் என்ற பாதுகாப்பு முறையை 2015இல் வந்த விண்டோஸ் 10 ஏற்கவில்லை. அதைக் கொண்ட பழைய வட்டுகளை முறையாக வாங்கியவர்களும் அவற்றை அப்படியே ஆட இயலாமல் போனது. 2024 மார்ச் 31 அன்று யூபிசாஃப்ட் நிறுவனம் ‘தி க்ரூ’ விளையாட்டின் சேவையகங்களை நிறுத்தியது. கோப்புகள் முழுமையாக வன்தட்டில் இருந்தும் அது ஓடவில்லை. அதே ஆண்டு கலிபோர்னியா மாநிலம், இணையத்தில் விற்கப்படுவது உரிமம் மட்டுமே என்பதை வாங்குவோருக்குத் தெளிவாகச் சொல்ல வேண்டும் எனச் சட்டம் இயற்றியது. மறுபுறம், 2008இல் தொடங்கிய ஜிஓஜி கடை பூட்டில்லா நிறுவுகோப்புகளை விற்கிறது. அவற்றை எந்தத் தட்டிலும் சேமித்து வைக்கலாம்.

முடிவுரை

டாஸ் காலத்தில் நகர்த்தக் கட்டளை தெரிந்திருக்க வேண்டும். நகர்த்திய பின் விளையாட்டு முழுவதும் நம்முடையது. இன்று நகர்த்த ஒரு சொடுக்கு போதும். நகர்ந்த பின் அது ஓடுமா என்பதைத் தொலைவில் உள்ள ஒரு சேவையகம் தீர்மானிக்கிறது. ஆகவே புதிய தட்டுக்கு மாறும் மாணவர் மூன்றையும் தனித்தனியே கவனிக்க வேண்டும்: விளையாட்டின் கோப்புறை, சேமித்த நிலைகள் உள்ள கோப்புறை, கணக்கின் கடவுச்சொல். முதலாவது தொலைந்தால் மீண்டும் பதிவிறக்கலாம். இரண்டாவது தொலைந்தால் ஆடிய காலம் போகும். மூன்றாவது தொலைந்தால், தட்டில் 65 ஜிபி இருந்தும் கையில் விளையாட்டு இராது.