இட்டலியும் ஆவியும்

இட்டலி தமிழர்க்கு உரியதன்று, இந்தோனேசியத் தீவுகளிலிருந்து வந்தது என்னும் கருத்து இன்று முடிந்த முடிபாகவே பலராலும் சொல்லப்படுகிறது. மலாய் மண்ணில் வாழும் தமிழாசிரியர்களாகிய நாம் இதனைச் சீர்தூக்கிப் பார்த்தல் தகும்.

இட்டலியின் பெயர் முதலில் காணப்படுவது கன்னட இலக்கியத்தில். ஏறத்தாழ கி.பி. 920இல் சிவகோட்டியாசாரியர் இயற்றிய வட்டாராதனை 'இட்டலிகெ' என்னும் பண்டத்தைக் குறிக்கிறது. 1025ஐ ஒட்டி இரண்டாம் சாவுண்டராயர் எழுதிய லோகோபகாரம் செய்முறையே தருகிறது. உளுந்தை மோரில் ஊறவைத்து நன்கு அரைத்து, தயிரின் தெளிநீரோடு சீரகம், கொத்துமல்லி, மிளகு, பெருங்காயம் சேர்க்க வேண்டும் என்கிறது. 1130ஐ ஒட்டிச் சாளுக்கிய மன்னன் மூன்றாம் சோமேசுவரன் இயற்றிய மானசோல்லாசமும் உளுந்து மாவையே கூறுகிறது. செய்முறை கூறும் இவ்விரு நூல்களிலும் அரிசி இல்லை. பழைய இட்டலி முற்றும் பயற்றுப் பண்டமே என்பது இதனால் பெறப்படும். மிளகும் சீரகமும் இட்டு, மந்தாரை இலை விரித்த மூங்கிற் குடலையில் அவிக்கும் காஞ்சிபுரம் கோயில் இட்டலி, அப்பழைய சுவையை இன்றும் ஓரளவு காத்து வருகிறது.

உணவு வரலாற்றறிஞர் கே.டி. அச்சயா, 1994இல் வெளிவந்த தம் நூலில், இப்பழைய குறிப்புகளில் அரிசி சேர்த்தல், நெடுநேரம் புளிக்கவைத்தல், ஆவியில் அவித்தல் ஆகிய மூன்றும் இல்லை என்று எடுத்துக் காட்டினார். ஏழாம் நூற்றாண்டில் வந்த யுவான் சுவாங், ஆவியில் அவிக்கும் கலம் இந்தியாவில் இல்லை என்று கூறியதையும் சுட்டினார். ஆதலின் இக்கலை இந்தோனேசிய மன்னரின் சமையற்காரர் வழியே வந்திருக்கலாம் என்று கருதினார். 'இருக்கலாம்' என்ற அவர் ஊகம் பிறர் வாயில் 'வந்தது' என்று ஆகிவிட்டது.

ஆவியில் அவிக்கத் தனிக்கலம் வேண்டுமா? பானையின் வாயில் துணி கட்டினாலே போதும் என்பதை நம் பாட்டிமார் அறிவர். ஆப்பிரிக்காவில் நைசீரியா நாட்டு இக்போ மக்கள், மண்ணுக்குள் காய்க்கும் ஒருவகைப் பயற்றை மாவாக்கி, செம்பனை எண்ணெயும் மிளகாயும் நீரும் கூட்டி, வாழையிலையில் பொதிந்து வேகவைப்பர். 'ஒக்பா' என்பது அதன் பெயர். அப்பயறும் நம் உளுந்தும் தாவர நூலார் கணக்கில் ஒரே பேரினத்தவை. இக்போ மக்கள் நம்மிடமும் கற்கவில்லை. நாம் அவர்களிடமும் கற்கவில்லை. பயறும் பானையும் இலையும் உள்ள இடத்தில் இத்தகைய பண்டம் தானே தோன்றக்கூடும் என்பதற்கு இது நல்ல சான்று.

தமிழிலேயே ஒரு சான்று உண்டு. மணிவாசகர் திருக்கழுக்குன்றப் பதிகத்தில், இறைவன் பிட்டுக்காக மண் சுமந்த செய்தியைப் பாடுகிறார். அவர் காலம் ஒன்பதாம் நூற்றாண்டு என்பது அறிஞர் பலர் கொள்கை. பிட்டு ஆவியில் வெந்த பண்டம். எனவே 'இட்டலிகெ' நூலேறிய காலத்துக்கு முன்பே தமிழகம் ஆவிச் சமையலை அறிந்திருந்தது என்று கொள்ளுதல் பொருந்தும்.

சொற்களையும் நோக்குவோம். ஈப்போவின் தெருக்களில் விற்கும் 'பூத்து மாயாம்' நம் இடியாப்பமே; 'பூத்து' நம் பிட்டு, 'அப்பாம்' நம் அப்பம். ஆவிப் பண்டத்தின் பெயர் இங்கிருந்து அங்கே சென்றதன்று. தமிழகத்திலிருந்து இங்கு வந்தது. அச்சயா குறித்த 'கெட்லி' என்னும் பெயரோ நம்மைச் சூழ்ந்துள்ள மலாய் வழக்கில் இல்லை.

இவற்றால் இட்டலி தமிழர் மட்டுமே கண்டது என முழங்குதலும் ஆகாது. அதன் முதற்சான்று கன்னடத்தில் உள்ளது. அதை மறைப்பது நேர்மையன்று. அரிசி எப்போது உளுந்தோடு சேர்ந்தது என்பதும் மேற்கண்ட நூல்களால் விளங்கவில்லை. பிறரிடம் கற்றதைக் கற்றோம் என்று சொல்வதில் இழுக்கில்லை. சான்றின்றி ஒன்றைக் கொடுத்துவிடுவதும், சான்றின்றி ஒன்றைப் பற்றிக்கொள்வதுமே இழுக்கு. மாணவர் 'இட்டலி எங்கிருந்து வந்தது?' என்று கேட்டால், நூலும் ஆண்டும் சொல்லி, ஊகத்தை ஊகம் என்றே கூறுவோம். வரலாறு கற்பிக்கும் முறை அதுவே.