அரசிதழிலிருந்து இணையத் தேடல் வரை: இந்தியக் காப்புரிமை விண்ணப்பங்கள் பொதுமக்கள் பார்வைக்கு வந்த வரலாறு

கல்கத்தாவைச் சேர்ந்த பொறியாளர் ஜார்ஜ் ஆல்ஃபிரட் டிபெனிங் 1856 மார்ச் 3 அன்று, பங்கா இழுக்கும் இயந்திரம் ஒன்றுக்குத் தனியுரிமை கேட்டு அரசிடம் விண்ணப்பித்தார். இந்தியாவின் முதல் காப்புரிமை விண்ணப்பமாக அறியப்படுவது இதுவே. அதற்கு வழிவகுத்த 1856ஆம் ஆண்டின் 6ஆம் சட்டம், பிரிட்டன் 1852இல் இயற்றிய சட்டத்தை அடியொற்றியது. அதே காலத்தில் லண்டனில் பென்னெட் வுட்கிராஃப்ட், 1617 முதல் 1852 வரை வழங்கப்பட்ட 14,359 காப்புரிமைகளுக்கும் கால வரிசையிலும் பெயர் வரிசையிலும் பொருள் வரிசையிலும் அட்டவணைகள் தயாரித்து அச்சிட்டார். ஆவணத்தைத் திறந்து வைத்தால் மட்டும் போதாது, தேடுபவர் கைக்கு அது எட்டவும் வேண்டும் என்பதை அவர் அன்றே உணர்ந்திருந்தார். இந்தியாவில் ஆவணங்களைத் திறந்துவிடும் பணி பெருமளவு நிறைவேறிவிட்டது. தேடித் தரும் பணி இன்னும் பாதி வழியில் நிற்கிறது என்பதே இக்கட்டுரையின் வாதம்.

1911ஆம் ஆண்டுச் சட்டம் காப்புரிமை நிர்வாகத்தைக் கட்டுப்பாட்டாளர் ஒருவரின் கீழ் கொண்டுவந்தது. விடுதலைக்குப் பின், சென்னை உயர் நீதிமன்ற நீதிபதியாக இருந்த என். ராஜகோபால அய்யங்கார் 1959இல் அளித்த அறிக்கை, இந்தியக் காப்புரிமைகளில் 80 முதல் 90 விழுக்காடு வெளிநாட்டவர் கையில் இருப்பதை எடுத்துக்காட்டியது. அந்த அறிக்கையின் வழியில் உருவான 1970ஆம் ஆண்டுச் சட்டம் 1972 ஏப்ரலில் நடைமுறைக்கு வந்தது. ஆனால் விண்ணப்பத்தை அலுவலகம் ஏற்றுக்கொள்ளும் வரை அதன் உள்ளடக்கம் வெளியே தெரியாது. ஏற்பு குறித்த அறிவிப்பு அரசிதழில் வந்த நான்கு மாதங்களுக்குள், அதில் நலன் உடையவர் மட்டுமே எதிர்ப்பு தெரிவிக்கலாம். நடைமுறையில் அது போட்டி நிறுவனங்களுக்குள் நடக்கும் வழக்காகவே இருந்திருக்கும்.

2002ஆம் ஆண்டுத் திருத்தம் இந்த முறையைத் தலைகீழாக மாற்றியது. முன்னுரிமை நாளிலிருந்து, அதாவது அக்கண்டுபிடிப்புக்கு முதன்முதலில் விண்ணப்பித்த நாளிலிருந்து, 18 மாதங்கள் கடந்ததும் விண்ணப்பத்தை வெளியிட வேண்டும் என்று 11ஏ பிரிவு விதித்தது. 2005ஆம் ஆண்டுத் திருத்தம் இன்னொரு படி மேலே போய், வெளியான விண்ணப்பத்துக்கு உரிமை வழங்கப்படும் முன் எவரும் எதிர்ப்பு மனு தரலாம் என்றது. காப்புரிமை அலுவலகத்தின் இதழும் வெள்ளிதோறும் வெளிவரத் தொடங்கியது. என் மதிப்பீட்டில், 150 ஆண்டு வரலாற்றில் இதைவிடப் பெரிய திருப்பம் இல்லை. நோயாளிகளுக்காகப் பேசும் ஒரு சங்கமும் இனி ஆவணத்தைப் படித்து மறுப்பு எழுதலாம் என்றாயிற்று.

அப்படி எழுதவும் செய்தார்கள். இரத்தப் புற்றுநோய்க்கான கிளிவெக் மருந்து தொடர்பாக நோவார்ட்டிஸ் நிறுவனம் சென்னை அலுவலகத்தில் 1998இல் அளித்த விண்ணப்பத்தின் எண் 1602/மாஸ்/1998. 2005 வரை கிடப்பில் இருந்த அதற்கு ஐந்து எதிர்ப்பு மனுக்கள் வந்தன. அவற்றுள் ஒன்று புற்றுநோயாளர் உதவிச் சங்கத்துடையது. 2006 ஜனவரியில் சென்னை அலுவலகம் விண்ணப்பத்தை நிராகரித்தது. 2013 ஏப்ரல் 1 அன்று உச்ச நீதிமன்றமும் உரிமை தர மறுத்தது.

அந்த விண்ணப்பத்தின் தலைப்பைச் சற்று உற்றுப் பார்க்க வேண்டும். என்-ஃபீனைல்-2-பிரிமிடின்அமீன் வழிப்பொருள் ஒன்றின் படிக வடிவம், அதைத் தயாரிக்கும் முறைகள், அதன் பயன்பாடு என்பதே அதன் சாரம். கிளிவெக் என்ற வணிகப் பெயரோ, இமாட்டினிப் என்ற பொதுப்பெயரோ தலைப்பில் கிடையாது. மருத்துவர் எழுதித் தந்த பெயரைத் தலைப்புத் தேடலில் இட்டுப் பார்ப்பவருக்கு இந்த ஆவணம் சிக்காது.

2015இல் அறிமுகமான 'இன்பாஸ்' தேடுதளம் நிலைமையை வெகுவாக மேம்படுத்தியது. தலைப்பு, சுருக்கம், முழு விவரக்குறிப்பு, விண்ணப்பதாரர் பெயர், பன்னாட்டு வகைப்பாட்டுக் குறியீடு என எதைக் கொண்டும் தேட முடிகிறது. எண் தெரிந்துவிட்டால் போதும். தேர்வாளரின் ஆட்சேப அறிக்கையும் விண்ணப்பதாரரின் பதிலும் திரையில் விரியும். 2016 முதல் எண்ணே ஓரளவு பேசுகிறது: 201641 என்று தொடங்கினால், ஆண்டு 2016, அலுவலகம் சென்னை, விண்ணப்பம் சாதாரண வகை.

எண் தெரியாதவர்தான் திண்டாடுகிறார். வெறும் படமாக வருடி ஏற்றப்பட்ட பழைய பக்கங்களுக்குள் சொல்தேடல் நுழைவதில்லை. ஒரே நிறுவனத்தின் பெயர் பல எழுத்துக்கூட்டலில் பதிவாகியிருந்தால், ஒன்றைத் தேடுபவருக்கு மற்றவை தப்பிவிடும். மருந்து விண்ணப்பங்களைத் தேடுவோர் முதலில் வெளிநாட்டுத் தரவுத்தளங்களில் சேர்மத்தின் வேதிப்பெயரைக் கண்டறிந்து, முன்னுரிமை எண்ணைப் பிடித்து, அதன் பிறகே இந்தியத் தளத்துக்கு வருவது நல்லது. வேதியியல் படித்தவருக்கே இது பொறுமையைச் சோதிக்கும் வேலை.

மருந்துக்குப் பொதுப்பெயர் பெரும்பாலும் முதல் விண்ணப்பத்துக்குப் பிறகே சூட்டப்படுகிறது என்பது உண்மைதான். ஆனால் உப்பு, படிக வடிவம், கலவை ஆகியவற்றுக்கான பிந்தைய விண்ணப்பங்கள் பலவற்றில் அந்தச் சாக்கு செல்லாது. அவற்றிலேனும் பொதுப்பெயரைத் தலைப்பிலோ சுருக்கத்திலோ குறிப்பிடுவதை விதிகள் கட்டாயமாக்க வேண்டும். முன்பே பதிவான விண்ணப்பங்களுக்குப் பெயர் பின்னர் கிடைத்தால், அதையும் பதிவேட்டில் சேர்க்க வேண்டும்.