ஜகார்த்தா சாலையில் ‘சித்தாயாம்’ இளையோரின் ஆடை அணிவகுப்பு

நாம் ‘லெப்பாக்’ என்பதை இந்தோனேசியர்கள் ‘நொங்க்ரோங்’ என்பார்கள். நண்பர்களோடு ஓரிடத்தில் உட்கார்ந்து பொழுதைப் போக்குவதுதான். 2022 ஜூலையில் ஜகார்த்தாவில் இதுவே நாடறிந்த விவகாரம் ஆனது. அதன் பெயர் ‘சித்தாயாம் ஃபேஷன் வீக்’.

சித்தாயாம், போஜோங் கெடே, டெப்போக் மூன்றும் ஜகார்த்தாவுக்குத் தெற்கே உள்ள புறநகர்ப் பகுதிகள். அங்குள்ள பதின்ம வயதினர் மின்ரயில் ஏறித் தலைநகரின் சுடிர்மான் சாலைக்கு வந்தார்கள். முதல் 25 கிலோமீட்டருக்கு 3,000 ரூப்பியா, அதன்பின் ஒவ்வொரு 10 கிலோமீட்டருக்கும் 1,000 ரூப்பியா கட்டணம். நம் காசில் ஒன்றரை வெள்ளிகூட ஆகாது.

அவர்கள் கூடிய இடம் டுக்கு அத்தாஸ். 2019-இல் எம்ஆர்டி ரயில் வந்தபின் அங்கே நடப்பதற்கும் உட்காருவதற்கும் நல்ல இடம் கிடைத்தது. பேரங்காடிக்குள் போனால் எதையாவது வாங்க வேண்டும்; இங்கே உட்கார யாரும் காசு கேட்பதில்லை. மலிவாக வாங்கிய உடைகளைத் தங்களுக்குப் பிடித்தபடி சேர்த்து அணிந்து, பாதசாரிகள் கடக்கும் வெள்ளைக் கோடுகளில் மாடல் அழகிகளைப் போல் நடந்தார்கள். அந்தக் காணொளிகள் டிக்டாக்கில் பரவின.

அதே சாலையில் ‘எஸ்சிபிடி’ என்னும் பணக்கார வர்த்தக வட்டாரம் இருக்கிறது. அந்த எழுத்துகளுக்கு இளையோர் வேறு விரிவு கொடுத்தார்கள்: சுடிர்மான், சித்தாயாம், போஜோங் கெடே, டெப்போக். ‘கம்பொங்கான்’, அதாவது பட்டிக்காட்டுத்தனம் என்று கேலி செய்தவர்களுக்கு இதைவிட நல்ல பதில் இருக்க முடியாது.

புகழ் வந்ததும் பெரியவர்களும் வந்தார்கள். அப்போதைய ஆளுநர் அனிஸ் பஸ்வேடன் அந்தக் கோடுகளில் நடந்து காட்டினார். நடிகர் பாயிம் வோங்கின் நிறுவனமோ அந்தப் பெயரையே வணிக முத்திரையாகப் பதிய விண்ணப்பித்தது. ரயிலேறி வந்த பிள்ளைகள் உருவாக்கிய பெயர் எப்படி ஒரு நிறுவனத்தின் சொத்தாகும் என்று மக்கள் கொதித்தார்கள். மேற்கு ஜாவாவின் அப்போதைய ஆளுநர் ரிட்வான் காமிலும் கண்டித்தார். சில நாள்களில் விண்ணப்பம் மீட்டுக்கொள்ளப்பட்டது.

மீட்க முடியாமல் போனது அந்த இடம்தான். போக்குவரத்துக்கு இடையூறு என்று சொல்லி, ஜூலை இறுதியில் அதிகாரிகள் அங்கே கூடுவதைக் கட்டுப்படுத்தினார்கள். ஆகஸ்டில் கூட்டம் கலைந்தது. வெள்ளைக் கோடுகளில் மறுபடியும் அலுவலக ஊழியர்கள் மட்டும் அவசரமாகக் கடந்து போனார்கள்.