ஹ்லெபினேயின் உழவர் ஓவியர்கள்

குரோஷியாவின் வடக்கே, ஹங்கேரி எல்லையை ஒட்டிய திராவா ஆற்றுச் சமவெளியில் இருக்கிறது ஹ்லெபினே. சிறு நிலங்களை உழுது பிழைத்த எளிய ஊர். 1930-இல் கோடை விடுமுறைக்கு இங்கு வந்த ஓவியர் க்ர்ஸ்டோ ஹெகெடூஷிச், பதினைந்து வயது இவான் கெனராலிச்சின் படங்களைப் பார்த்தார். நாலாம் வகுப்போடு பள்ளியை விட்டு வயல்வேலைக்குப் போன உழவர் வீட்டுப் பையன் அவன்.

ஹெகெடூஷிச்சின் இளமைப்பருவமும் ஹ்லெபினேயில் கழிந்ததுதான். கெனராலிச்சையும் அதே ஊர்க்காரரான ஃபிரான்யோ ம்ராஸையும் அவர் ஊக்குவித்தார், செய்முறைகளைக் காட்டிக்கொடுத்தார். ஆனால் எதைப் பார்ப்பது என்பதை அவர் கற்றுத்தர வேண்டியிருக்கவில்லை. சேற்றுத்தெரு, கூரைவீடு, மேய்ச்சல் மாடு, இலையுதிர்ந்த மரம் எல்லாம் அவர்கள் நாளும் புழங்கியவை. 1931-இல் ஸாக்ரெப் நகரில் நடந்த 'ஸெம்ல்யா' கலைஞர் குழுவின் கண்காட்சியில் இருவர் படங்களும் இடம்பெற்றன. ஏழைகளின் பக்கம் நின்ற அந்தக் குழுவை அரசு 1935-இல் தடைசெய்தது. பின்னர் கெனராலிச், ம்ராஸ் இருவரோடும் சேர்ந்த மிர்கோ விரியுஸ் நாற்பது வயதைக் கடந்த உழவர். உழைப்பின் களைப்பை அவரளவுக்கு நேர்மையாக வரைந்தவர்கள் குறைவு. 1943-இல் ஸெமுன் வதைமுகாமில் அவர் உயிர் பறிபோனது.

இந்த ஊருக்குப் புகழ் தேடித்தந்தது கண்ணாடியில் வரையும் முறை. கிராமத்து வீடுகளில் மாட்டியிருந்த புனிதர் படங்களில் ஏற்கெனவே இருந்த முறைதான் அது. கண்ணாடியின் பின்புறத்தில் வரைந்து, முன்புறமிருந்து பார்க்க வேண்டும். ஆகவே வரிசை தலைகீழ்: புல்நுனி, கண்ணிமை, மரக்கிளை போன்ற நுணுக்கங்கள் முதலில், அவற்றின் மேல் உடலும் நிலமும், வானம் கடைசியில். இடம் வலமாகும். முதலில் இட்ட கோட்டின் மேல் அடுத்த வண்ணம் ஏறிவிட்டால் திருத்துவது கடினம். அதற்கு ஈடாகக் கிடைப்பது, வேறெந்தப் பரப்பிலும் எளிதில் வராத ஒளிர்வு.

1950-களில் கெனராலிச்சின் படங்களிலிருந்து வறுமையின் கசப்பு விலகிக் கனவுச் சாயல் படிந்தது. மரங்கள் பவளக்கொடிபோல் கிளைத்தன. மான்களின் திருமண ஊர்வலத்தை 1959-இல் வரைந்தார். அதே ஆண்டில் விரியுஸின் மரணத்தையும் வரைந்தார் என்பதையும் சேர்த்துப் பார்த்தால்தான் அவரை முழுதாக அறிய முடியும். 1953-இல் பாரிஸில் நடந்த கண்காட்சி அவரை ஐரோப்பாவுக்கு அறிமுகப்படுத்தியது.

ஸாக்ரெபில் 1952-இல் உழவர் ஓவியங்களுக்கென்றே ஒரு காட்சிக்கூடம் தொடங்கியது. இன்று அது குரோஷிய நாயீவ் கலை (முறையான பயிற்சி பெறாதோரின் கலை) அருங்காட்சியகம். ஹ்லெபினேயிலும் 1968-இல் ஒரு காட்சிக்கூடம் வந்தது. சுற்றுவட்டார ஊர்களிலிருந்து இவான் வெச்செனாய், மியோ கொவாச்சிச், இவான் லாட்ஸ்கோவிச் ஆகியோர் தத்தம் வழியில் வளர்ந்தார்கள். வாங்குவோர் பெருகியபோது ஒரே அச்சில் வார்த்த படங்களும் குவிந்தன. அவற்றை வைத்து ஹ்லெபினேயை எடைபோடுவது நியாயமாகாது. கெனராலிச் 1992-இல் காலமானார். அவருடைய மகன் யோசிப்பும் ஓவியராகவே வாழ்ந்தார்.