இலக்கும் இசைவும்

மஹ்மூது பந்தர் என்னும் பரங்கிப்பேட்டையில் ஆடவர் பலர் பொருள் தேடிக் கடல் கடந்து வாழ்பவர். அவ்வூர்ப் பெண்மணி ஒருவர், ஐந்து மக்களைப் பெற்று உடல் நலிந்தவர். அடுத்த பேறு உயிருக்கே ஆபத்தென எச்சரிக்கப்பட்ட அவர், கருத்தடை அறுவை நாடி மருத்துவமனை ஒன்றுக்குச் சென்றார். வெளிநாட்டிலிருக்கும் கணவரின் கையொப்பம் வேண்டுமென்று திருப்பியனுப்பினர். அத்தகைய ஒப்புதல் தேவையில்லை என்பதே அரசின் விதி. அதை அவரிடம் எடுத்துச் சொல்வார் எவருமிலர்.

இதனைக் கேட்டபோது, தீபா தன்ராஜ் 1991இல் எடுத்த 'சம்திங் லைக் எ வார்' என்னும் ஆவணப்படம் நம் நினைவுக்கு வந்தது. 'ஒரு போரைப் போன்றது' என்பது அத்தலைப்பின் பொருள். கருத்தடை முகாமில் பெண்கள் வரிசையாகக் கிடத்தப்படுகின்றனர். மருத்துவர் தம் கைவேகத்தைப் பெருமையுடன் விளக்குகிறார். வேறொரு காட்சியில் பெண்கள் வட்டமாக அமர்ந்து, தம் உடலையும் வாழ்வையும் பற்றித் தாமே பேசுகின்றனர். அப்பேச்சு முகாமின் செவிக்கு எட்டுவதேயில்லை.

இந்நிலை ஒருநாளில் விளைந்ததன்று. 1952இல் குடும்பக் கட்டுப்பாடு நம் நாட்டில் அரசுத் திட்டமாயிற்று. பின்னர் 'இலக்கு' என்னும் எண்ணிக்கை புகுந்தது. நெருக்கடி நிலைக் காலத்தில் (1975-77) ஆள் சேர்க்கத் தவறிய ஆசிரியர்களின் ஊதியமும் பல இடங்களில் நிறுத்தப்பட்டது. 1976 நவம்பரில் ஹரியானாவின் உட்டாவர் என்னும் முஸ்லிம் சிற்றூரைக் காவலர் சூழ்ந்து, ஆடவரைப் பிடித்துச் சென்றனர். பலர் அறுவைக்கு உட்படுத்தப்பட்டனர். அறுவையையொட்டி மாண்டோர் 1,774 பேர் என ஷா விசாரணைக் குழு பதிவு செய்தது. 1977 தேர்தலில் ஆட்சி வீழ்ந்தது. எனினும் சுமை நீங்கவில்லை. ஆடவர் தோளிலிருந்து பெண்டிர் தோளுக்கு மாறிற்று.

1996இல் இலக்குகள் கைவிடப்பட்டதாக அரசு அறிவித்தது. ஆயினும் 2014 நவம்பரில் சத்தீஸ்கரின் பிலாஸ்பூர் மாவட்டத்தில், ஒரு மருத்துவர் ஒரே நாளில் 83 பெண்களுக்கு அறுவை செய்தார். அம்மாவட்ட முகாம்களுக்குச் சென்றோரில் பதின்மூவர் இறந்தனர். இத்தகைய முகாம்களை மூன்றாண்டுகளுக்குள் முடிவுக்குக் கொணருமாறு 2016இல் உச்சநீதிமன்றம் பணித்தது.

அங்கே வேண்டாதவரை இழுத்து வந்தனர். இங்கே வேண்டி வந்தவரைத் திருப்பியனுப்பினர். இரண்டும் முரணாகத் தோன்றினும் நோய் ஒன்றே: உடலுக்குரியவளின் சொல்லுக்கு மதிப்பில்லை.

ஹிஜ்ரி 505இல் மறைந்த இமாம் கஸ்ஸாலி, தம் 'இஹ்யா'வில், 'அஸ்ல்' எனும் கருத்தவிர்ப்பு முறையை ஆராயுங்கால், பேறுகால ஆபத்திலிருந்து மனைவியின் உயிரைக் காப்பதையும் தக்க காரணமாக ஏற்கின்றார். மனைவியின் இசைவின்றி அஸ்ல் ஆகாதென்பது ஃபிக்ஹு அறிஞர் பலரின் முடிபு. நிரந்தரக் கருத்தடை பற்றிய சட்டம் வேறு. அது தனியே ஆராயத்தக்கது. ஆயினும் மனைவியின் இசைவைக் கேட்பது நம் முன்னோர்க்குப் புதிதன்று என்பதை ஈண்டு நினைவிற்கொள்வோம்.

விதி ஏட்டில் இருந்து பயனில்லை. நம் பெண்மக்கள் மருத்துவமனை வாயிலை மிதிக்குமுன் அதனை அறிந்திருத்தல் வேண்டும். அறிந்தவர் வாளாவிருத்தல் தகாது.