அளம் – 7: ஒரு பீப்பாய் மீனும் ஒரு பிடி உப்பும்

சதுரங்கப்பட்டினம் கோட்டைக்குள், மண்டையோடும் எலும்பும் செதுக்கிய டச்சுக் கல்லறைகளுக்கு நடுவே போன வாரம் நின்றுவிட்டோம். அந்தக் கற்களுக்குக் கீழே கிடப்பவர்கள் துணி வாங்க வந்தவர்கள் என்பது பள்ளிக்கூடப் பாடத்திலேயே இருக்கிறது. ஆனால் அவர்களுடைய பாட்டன்மார் கடலேறி அலையக் காரணமான சரக்குகளில், மிளகுக்குப் பக்கத்தில் இன்னொன்றும் உண்டு என்று சொல்லியிருந்தேன். அது உப்பு. மீனுக்குப் போட உப்பு.

ஹெர்ரிங் என்ற மீன் நம் மத்திக்கும் கவலைக்கும் தாயாதி. வட கடலின் குளிர்ந்த நீரில் பெருங்கூட்டமாகத் திரியும். கோடையில் அதன் உடம்பெல்லாம் கொழுப்பு. கொழுத்த மீனை அப்படியே வெயிலில் காயப்போட்டால் எண்ணெய் காறிப்போகும். மத்தியைக் காயவைத்துப் பார்த்த யாரைக் கேட்டாலும் சொல்வார்கள். ஹாலந்தில் அதற்கு ஏற்ற வெயிலும் இல்லை. ஆகவே அவர்கள் மீனை உலர்த்தவில்லை, ஊறவைத்தார்கள்.

வேலை படகிலேயே நடக்கும். சின்னக் கத்தியைச் செவுளுக்குள் விட்டு, செவுளையும் குடலில் ஒரு பங்கையும் ஒரே இழுப்பில் எடுத்துவிடுவார்கள். இரத்தம் வடிந்துவிடும். கல்லீரலையும் கணையத்தையும் மட்டும் உள்ளேயே விட்டுவைப்பார்கள். சூட்சுமம் அங்கேதான். கணையத்தின் நொதிகள் சதையை மெல்ல மெல்லக் கனியவைக்கும். பிறகு மரப் பீப்பாயில் மீன் ஓர் அடுக்கு, உப்பு ஓர் அடுக்கு. சீக்கிரம் தின்னப்போகிற மீன் என்றால் இருபது பங்குக்கு ஒரு பங்கு உப்பு போதும். தூர தேசத்துக்குப் போகவேண்டிய பீப்பாயில் வாரிக் கொட்டுவார்கள். மீன் விடும் நீரில் உப்பு கரைந்து, அந்த உப்புநீரே காற்றுப் படாமல் மீனை மூடிக்கொள்ளும். அப்புறம் அடுப்பே வேண்டாம். தோலை உரித்து, முள்ளை நீக்கி, பொடியாக நறுக்கிய வெங்காயத்தைத் தூவி, வாலைப் பிடித்து அண்ணாந்து வாயில் விடுவார்கள். லெய்டன் நகரத்தை ஸ்பானியர்களின் முற்றுகையிலிருந்து மீட்ட 1574 அக்டோபர் 3-ஆம் தேதியை நினைத்து, அந்த ஊர்க்காரர்கள் ஒவ்வோர் ஆண்டும் ஹெர்ரிங்கும் வெள்ளை ரொட்டியும் தின்கிறார்கள்.

இந்த வித்தையைக் கண்டுபிடித்தவர் 14-ஆம் நூற்றாண்டில் பியர்ஃப்லீட் என்ற ஊரில் வாழ்ந்த வில்லெம் பெய்கெல்சோன் என்பது டச்சுக்காரர் மரபு. பேரரசர் ஐந்தாம் சார்லஸே அவர் கல்லறைக்குப் போய் வணங்கினார் என்பார்கள். எனக்கு அவ்வளவாக நம்பிக்கை இல்லை. ஆயிரம் பேர் கைபட்டுத் தேறிய தொழிலுக்கு ஓர் ஆணின் பெயரைச் சூட்டிவிடுவது வரலாற்றின் பழைய வழக்கம். எப்படியோ, ஆம்ஸ்டர்டாம் நகரமே ஹெர்ரிங் முள்ளின் மேல் கட்டியது என்று அந்த நாட்டில் ஒரு பேச்சு இருக்கிறது.

மீன் அவர்களுடையது. வித்தையும் கப்பலும்கூட. உப்பு மட்டும் அடுத்தவன் வீட்டில் இருந்தது.

போர்ச்சுகலின் செட்டூபால் உப்பளங்களிலிருந்துதான் டச்சுக் கப்பல்கள் நல்ல உப்பை அள்ளிவந்தன. 1580-இல் போர்ச்சுகல் ஸ்பெயின் அரசரின் கைக்குப் போனது. டச்சுக்காரர்களோ அதே அரசரை எதிர்த்துக் கலகம் செய்துகொண்டிருந்தவர்கள். விளைவைச் சொல்லவேண்டுமா? துறைமுகங்களை அவர்களுக்கு அடைப்பது, கப்பல்களைப் பறிமுதல் செய்வது என்று தடைமேல் தடை வந்தது. 1598-இல் தடை இறுகியது. லிஸ்பனில் மிளகும் எட்டாமல் போனது, செட்டூபாலில் உப்பும் எட்டாமல் போனது.

மிளகைத் தேடியவர்கள் கிழக்கே திரும்பினார்கள். தடை இறுகுவதற்கு முன்பே, 1596-இல், ஹௌட்மனின் கப்பல்கள் ஜாவாவின் பாண்டனை எட்டின. உப்பைத் தேடியவர்கள் மேற்கே பாய்ந்தார்கள். 1599 முதல் டச்சுக் கப்பல்கள் அட்லாண்டிக்கைக் கடந்து இன்றைய வெனிசுவேலாவின் அராயா தீபகற்பத்துக்குப் போயின. அங்கே ஓர் இயற்கை உப்பு ஏரி. காவல் இல்லை, விலையும் இல்லை. வெட்டி ஏற்றிக்கொள்ளவேண்டியதுதான். வீட்டுக் கடலில் பிடிக்கும் மீனுக்காக உலகத்தின் மறுகோடிக்குப் போய் உப்பு வெட்டினார்கள்.

1605-இல் ஸ்பானியக் கடற்படை லூயிஸ் ஃபஹார்டோவின் தலைமையில் வந்து, உப்பு ஏற்றிக்கொண்டிருந்த கப்பல்களைக் கைப்பற்றி ஆட்களைக் கொன்றது. பிற்பாடு அந்த ஏரியைக் காக்க ஒரு கோட்டையே எழுப்பினார்கள். உப்புக்குக் கோட்டை! இதை நினைவில் வையுங்கள். நம் கரைக்கும் அது வரப்போகிறது, மதில் இல்லாத வடிவத்தில்.

அந்தத் தலைமுறையின் ஆட்கள்தான் 1602-இல் கிழக்கிந்தியக் கம்பெனி தொடங்கி, 1613-இல் பழவேற்காட்டில் கோட்டை கட்டி, பிறகு சதுரங்கப்பட்டினத்துக்கும் வந்து சேர்ந்தார்கள். வந்த இடத்தில் அவர்கள் கண்டது என்ன? மரக்காணம், செய்யூர், கோவளம் என்று கரை நெடுக வெயிலில் தானாக விளைகிற உப்பு. செய்யூர் நேற்றுவரை நம் மதுராந்தகம் தாலுகாதான். இடைக்கழிநாட்டு ஆலம்பரைத் துறையிலிருந்து உப்பு கப்பலேறிப் போன காலமும் உண்டு. சிறுபாணாற்றுப்படையின் எயிற்பட்டினத்தை மரக்காணம் என்பார்கள். உலர்ந்த குழல்மீனைச் சுட்டுப் பாணருக்கு விருந்து வைத்த ஊர் அது. அராயாவுக்கு ஓடியவர்களின் பேரப்பிள்ளைகள் இங்கே உப்பின் மடியிலேயே உட்கார்ந்து மஸ்லின் எண்ணிக்கொண்டிருந்தார்கள்.

நம் குப்பங்களில் பீப்பாய் ஏன் வரவில்லை என்று கேட்கலாம். தேவைப்படவில்லை. நெத்திலியை உப்பே இல்லாமல் மணலில் பரப்பினால் வெயில் பார்த்துக்கொள்ளும். பெரிய மீனை வயிறு கீறி, குடல் எடுத்து, உப்புத் தடவிப் பானையில் ஓர் இரவு வைத்து, மறுநாள் உலர்த்தினால் கருவாடு. மேலும், இந்தச் சூட்டில் உப்பு சதைக்குள் இறங்குவதற்கு முன்பே மீன் கெடத் தொடங்கிவிடும். அதனால்தான் மேற்குக் கரையில் மீனை ஊறவைத்தவர்கள் உப்போடு புளியையும் சேர்த்தார்கள். அயிலையின் வயிற்றில் குடம்புளியைத் திணித்து, உப்புநீரில் ஊறவைத்து, பீப்பாயில் அடைத்துக் கொழும்புக்கு அனுப்பினார்கள். ‘கொழும்புப் பதம்’ என்றே அதற்குப் பெயர். இலங்கையில் இன்றும் ஜாடி மீன், அங்கே கொறுக்காய்ப்புளி என்று சொல்லும் அதே புளியோடுதான். ஹெர்ரிங்குக்கு நம் பக்கத்தில் நேர் உறவு என்றால் அதுதான்.

டச்சுக் கதை சட்டென முடிந்தது. 1781-இல் சதுரங்கப்பட்டினம் கோட்டை ஆங்கிலேயர் கைக்குப் போனது. 1782 பிப்ரவரி 17-ஆம் தேதி பிரெஞ்சுக்கார சஃப்ரனும் ஆங்கிலேய ஹியூஸும் இதே கடலில் பீரங்கியால் பேசிக்கொண்டார்கள். நடுவில் ஒருமுறை கை மாறி, 1824 ஒப்பந்தத்தோடு டச்சுக்காரர்கள் நிரந்தரமாக மூட்டை கட்டினார்கள்.

அதற்குள் நம் உப்புக்கு வேறு பூட்டு விழுந்திருந்தது. 1805-இல் சென்னை மாகாணத்தில் உப்பு ஆங்கிலேயக் கம்பெனியின் ஏகபோகமானது. ஒரு கரிசை, அதாவது 120 மணங்கு, ஏறக்குறைய நாலரை டன், 70 ரூபாய். 1809-இல் 105. ஏறி, இறங்கி, 1844-இல் 180 வரை போய் 120-இல் நின்றது. 1878-இல் தீர்வை மட்டும் மணங்குக்கு இரண்டரை ரூபாய். கரிசைக் கணக்கில் 300 ரூபாய்!

அளம் இருந்த இடத்தில்தான் இருந்தது, மீனும் வலையில் விழுந்தது. ஆனால் கழிமுகத்தில் தானாகப் பூத்த உப்பைச் சுரண்டினாலும் குற்றம். கூடை மீனின் விலையை அதற்குப் போடும் உப்பின் விலை தின்றது. குப்பத்தில் உவர்மண்ணைத் தடவிக் கருவாடு போட்டார்கள். மண் கலந்த கருவாடு, கசப்பும் நாற்றமும். அப்படியும் முடியாதபோது மீன் கரையிலேயே அழுகியது.

இதைக் கவனித்துச் சர்க்காருக்கு எழுதினார் ஒரு மருத்துவர். பெயர் ஃபிரான்சிஸ் டே. சென்னைப் படையில் வைத்தியம் பார்க்க வந்து, மீன் பித்துப் பிடித்து, இந்தியாவின் மீன்வளத் தலைமை ஆய்வாளர் ஆனவர். இந்தியாவின், பர்மாவின் கடல்மீன்களைப் பற்றிய அவருடைய அறிக்கை 1873-இல் அச்சானது. உப்புத் தீர்வை மீன் பதனிடும் தொழிலின் கழுத்தை நெரிக்கிறது என்பதே அவர் கட்சி.

சர்க்கார் அசைந்தது. தீர்வையைக் குறைத்தா? அதுதான் இல்லை. கடற்கரையில் இடம் பார்த்து வேலி போட்டார்கள். மீன் பதனிடும் முற்றம் என்று பெயர். வேலிக்குள் மீனைக் கொண்டுவந்து எடை போட்டால், அந்த எடைக்குத் தக்கபடி தீர்வையில்லாத உப்பு கிடைக்கும். உப்பு அங்கேயே தீரவேண்டும். ஒரு பிடிகூட வெளியே போகக்கூடாது.

கருவாடு காய்ந்தது. கூடையைத் தலையில் ஏற்றிக்கொண்டு பெண்கள் வாசலுக்கு வருகிறார்கள். வாசலில் உப்பு இலாகாவின் சேவகன். கூடையிலிருக்கும் மீன் அவர்களுடையது, சரி. அந்த மீனின் மேல் வெள்ளை வெள்ளையாகப் படிந்திருக்கிறதே, தட்டினால் உதிர்கிற அந்த உப்பு யாருடையது?

(அடுத்த வாரம்)